தென் செபராங் பிறை: கம்போங்கா, மாநகரமா, யார் கையில் நிர்வாகம்?

கோலாலம்பூர் செந்தூலிலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். பாட்டி வீடு பினாங்கு மாநிலத்தில், ஜாவி பக்கம் ஒரு கம்போங்கில் இருக்கிறது. தாத்தாவின் பிறப்புப் பத்திரத்தில் ஊர் 'ப்ரோவின்ஸ் வெல்லஸ்லி' என்று போட்டிருக்கிறதாம். பாட்டி பத்திரப்படுத்தி வைத்திருந்த நில அலுவலக ரசீதில் 'தென் செபராங் பிறை மாவட்டம்'. வீட்டு வரி பில்லை அனுப்புவதோ 'செபராங் பிறை மாநகராண்மைக் கழகம்'. "இது கிராமமா, மாநகரமா? எத்தனை பேர் இருக்கிறார்கள்? யார் நிர்வாகம்? தெருவிளக்கு எரியவில்லை, கால்வாய் அடைத்துக் கிடக்கிறது, பாட்டி போன பிறகு அந்த இடத்துக்கு என்ன செய்வதென்றும் தெரியவில்லை. யாரைப் போய்ப் பார்ப்பது?" என்பது அவர் கேள்வி.

இதற்கு ஒரே வரியில் பதில் வேண்டுமென்றால், எதற்கும் முன்னால் அந்த நிலம் யாருடையது என்று பாருங்கள். நம் பக்கத்தில் சாலை, விளக்கு, கோயில், பள்ளிக்கூடம் என்று எதைத் தொட்டாலும் கடைசியில் அங்கேதான் போய் நிற்கும். எங்கே எத்தனை பேர் குடியிருக்கிறார்கள் என்பதைவிட, அவர்கள் காலுக்குக் கீழே உள்ள மண் யார் பெயரில் இருக்கிறது என்பதை வைத்தே இங்கே நிர்வாகம் நடந்து வந்திருக்கிறது. ஏன் என்று விளக்க, கொஞ்சம் சுற்றித்தான் வரவேண்டும்.

முதலில் ஆள் கணக்கு. பினாங்கு மாநிலத்தில் ஐந்து மாவட்டங்கள். தீவில் ஜார்ஜ்டவுன் அடங்கிய வடகிழக்கு, பாலிக் புலாவ் அடங்கிய தென்மேற்கு என்று இரண்டு. பெருநிலத்தில் வட, மத்திய, தென் செபராங் பிறை என்று மூன்று. 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மாநிலத்தின் மொத்தம் சுமார் 17 லட்சத்து 40 ஆயிரம். அதில் ஏறத்தாழ 9 லட்சத்து 46 ஆயிரம் பேர் பெருநிலத்தில். பினாங்கு என்றாலே தீவிலுள்ள கொம்தார் கோபுரமும் கொடிமலையும் என்று நினைப்பவர்களுக்கு இது ஆச்சரியமாக இருக்கும். பாதிக்கு மேற்பட்ட பினாங்குக்காரர்கள் தீவில் இல்லை. தென் செபராங் பிறையில் 2 லட்சத்துக்குச் சற்றுக் குறைவு. ஐந்து மாவட்டங்களில் ஆள் எண்ணிக்கையில் இதுவே கடைசி. பரப்பு சுமார் 240 சதுர கிலோமீட்டர். சதுர கிலோமீட்டருக்கு 800 பேர் அளவில் வரும். ஜார்ஜ்டவுன் மாவட்டத்தில் அது நாலாயிரத்தைத் தாண்டும்.

இந்தியர்கள் மாநில அளவில் ஏறக்குறைய பத்தில் ஒருவர். தென் செபராங் பிறையில் அதைவிட அதிகம். நிபோங் திபால், ஜாவி, சுங்கை பாக்காப், வால்டோர், சிம்பாங் அம்பாட் என்று எந்தச் சாலையில் போனாலும் கண்ணில் படுகிற கோயில்களே அதைச் சொல்லிவிடும். ஏன் அதிகம் என்பதற்கான காரணம் கரும்பில் தொடங்குகிறது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

கிராமமா என்ற கேள்விக்குக் கணக்கெடுப்பு இலாகாவின் பதில் வேறு, நம் கண் சொல்லும் பதில் வேறு. அரசிதழில் அறிவிக்கப்பட்ட பகுதியும் அதை ஒட்டிய கட்டடப் பகுதியும் சேர்ந்து 10,000 பேரைத் தாண்டினால், மலேசியப் புள்ளிவிவரக் கணக்கில் அது நகர்ப்புறம். இந்த அளவுகோலின்படி பினாங்கு மக்களில் நூற்றுக்கு 92 பேருக்கு மேல் நகரவாசிகள். சுங்கை ஆச்சேயில் வயல் வரப்பில் நின்றுகொண்டிருப்பவரும் தாள் கணக்கில் ஒரு மாநகரத்துக்குள்தான் நிற்கிறார். ஏனென்றால், 2019 செப்டம்பர் 16 அன்று செபராங் பிறை முழுவதற்கும் மாநகரத் தகுதி கிடைத்தது. 700 சதுர கிலோமீட்டரைத் தாண்டிய பரப்பில் வட பக்கத்து நெல்வயல், நடுவே பிறை தொழிற்பேட்டை, தெற்கே செம்பனைக் காடு, புக்கிட் தம்புன் மீன்பிடிப் படகுத்துறை, வால்டோர் பன்றிப் பண்ணை எல்லாம் சேர்ந்து ஒரே மாநகரம்! இப்படி ஒரு மாநகரத்தை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. மாநிலத்தின் குப்பையெல்லாம் வந்து சேரும் புலாவ் பூரோங் குப்பைமேடும் நம் தென் மாவட்டத்தில்தான். 2022 ஜனவரியில் அது தீப்பிடித்தபோது புகையைச் சுவாசித்தவர்கள் ஜார்ஜ்டவுன்காரர்கள் அல்லர்.

இப்போது தாத்தாவின் பிறப்புப் பத்திரம். 1786-இல் பிரான்சிஸ் லைட் தீவை எடுத்துக்கொண்டார். எதிர்க்கரை அப்போதும் கெடா சுல்தானுடையதாகவே இருந்தது. 1800-இல் துணை ஆளுநர் ஜார்ஜ் லீத், கெடாவுடன் ஒப்பந்தம் போட்டு அந்தக் கரையையும் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக வாங்கினார். இரண்டுக்கும் சேர்த்து ஆண்டுக்கு 10,000 டாலர் என்று பேச்சு. அன்றைய கவர்னர் ஜெனரல் வெல்லஸ்லியின் பெயரால் அதை 'ப்ரோவின்ஸ் வெல்லஸ்லி' என்றார்கள். அதுதான் இன்றைய செபராங் பிறை. தென் எல்லை இன்றைய இடத்துக்கு வந்தது பேராக்குடன் போட்ட 1874 பங்கோர் ஒப்பந்தத்துக்குப் பிறகு. அதனால்தான் கிரியான் ஆற்றைத் தாண்டியும் டிரான்ஸ்கிரியான் பகுதி பினாங்குக்குச் சொந்தமாக இருக்கிறது. அங்கேதான் இப்போது மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் பொறியியல் வளாகம்.

கரும்புக்கு வருவோம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்தத் தெற்குப் பகுதி முழுக்கக் கரும்புத் தோட்டம். பத்து காவானில் தியோச்சியூ சீனர்கள் முன்பே கரும்பு போட்டிருந்தார்கள். சுங்கை பாக்காப் பட்டணத்தை எழுப்பிய கீ லாய் ஹுவாட்டும் கரும்பு முதலாளிதான். 1840-களுக்குப் பிறகு ஹார்ஸ்மன், ராம்ஸ்டன் போன்ற ஐரோப்பிய முதலாளிகள் கலிடோனியா, பைராம், வால்டோர், ஜாவி, சங்காட் என்று தோட்டம் தோட்டமாக விரித்தார்கள். கலிடோனியாவில் தொண்ணூற்றொன்பது கதவு பங்களா என்று இன்று பேய்க்கதை சொல்லிப் படம் பிடிக்கிறார்களே, அது அந்த ராம்ஸ்டன் குடும்பத்து வீடு. வெட்டவும் ஆலையில் பிழியவும் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏற்றிக் கொண்டுவரப்பட்ட ஒப்பந்தக் கூலிகள் நம் ஆட்கள். ஒப்பந்தக் கூலி முறை 1910-இல் நின்றது. அதற்குள் கரும்பு போய் ரப்பர் வந்துவிட்டது, ஊரிலிருந்து ஆள் சேர்த்து வேலை வாங்கும் கங்காணியும் வந்துவிட்டார். பிறகு ரப்பர் போய்ச் செம்பனை. பயிர் மாறினாலும் ஆட்கள் அதே லயத்தில், தோட்டத்து வரிசை வீடுகளில், இருந்தார்கள். மலாயாவில் ரப்பர் தலையெடுப்பதற்கு முன்பே தமிழர்கள் திரளாகக் குடியேறிய இடங்களில் இது முக்கியமானது என்பதை நம் ஆட்களே பலர் மறந்துவிட்டார்கள்.

அந்தத் தோட்டத்துக்குள் அரசாங்கம் என்பது யார்? தண்ணீர்க் குழாய் உடைந்தால் தோட்டத்து எழுத்தரான கிராணியிடம் சொல்ல வேண்டும். பிள்ளை பிறந்தால் தோட்டத்து ஆஸ்பத்திரியின் மருத்துவ உதவியாளரான டிரஸ்ஸர். சண்டை சச்சரவு என்றால் கங்காணி, அதற்கு மேல் துரை. கால்வாய், சாலை, விளக்கு, பள்ளிக்கூடக் கொட்டகை எல்லாம் கம்பெனி நிலத்தில் கம்பெனி போட்டது. மெர்டேக்கா (சுதந்திரம்) கிடைத்த பிறகும் இது மாறவில்லை. கிராம மேம்பாட்டுக்கென்று வந்த பணம் கம்போங்குகளுக்கும் ஃபெல்டா என்ற அரசாங்க நிலக் குடியேற்றத் திட்டங்களுக்கும் போனது. தோட்டம் தனியார் நிலம் என்று அதன் வாசலிலேயே அரசாங்கத் தார்ச்சாலை நின்றுவிடும். அம்மா காலத்தில் மழைநாளில் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு செம்மண் சேற்றில் நடந்து, அந்த வாசலுக்கு வந்து காலைக் கழுவிக்கொண்டு பஸ் ஏறுவார்கள். லயத்து வீட்டுக்கும் தண்ணீருக்கும் முதலாளி இன்னின்னது செய்து தர வேண்டும் என்று 1990-இல் ஒரு சட்டம் முழுமையாக வந்தபோது, நம் பக்கத்தில் பல தோட்டங்கள் விற்பனைக்குக் காத்திருந்தன.

விற்றதும் என்ன ஆனது? தோட்டம் தாமானாக, அதாவது வீடமைப்புப் பகுதியாக, மாறியது. வேலையும் போய் வீடும் போனவர்கள் பக்கத்து மலிவு விலை வீடுகளுக்கோ, ஆற்றோரப் புறம்போக்குக்கோ, பட்டர்வொர்த்துக்கோ நகர்ந்தார்கள். கணக்கெடுப்பில் மாவட்ட எண்ணிக்கை ஏறும்போது அதற்குள் இந்தக் குடிபெயர்வு தெரியாது. பள்ளிக்கூடப் பெயர்களில் மட்டும் தெரியும். பினாங்கில் உள்ள 28 தமிழ்ப்பள்ளிகளில் பல இந்த மாவட்டத்தில். ஜாவி தோட்டத் தமிழ்ப்பள்ளி, பைராம் தோட்டத் தமிழ்ப்பள்ளி, சங்காட் தோட்டத் தமிழ்ப்பள்ளி என்று பெயர்ப்பலகை சொல்லும், பலகைக்குப் பின்னால் தோட்டம் இருக்காது. பள்ளி நிலம் அரசாங்கத்தின் பெயரில் இல்லையென்றால் அது 'பகுதி உதவி பெறும்' பள்ளி. கட்டடத்துக்கு அரசாங்கம் முழுதாகப் பணம் போடாது. கோயிலும் அப்படியே. நூறு வருஷக் கோயில் என்று நாம் சொல்வோம், புது நில உரிமையாளரின் வரைபடத்தில் அது அத்துமீறிய கட்டடம். நிலம் யாருடையது என்று முதலில் பாருங்கள் என்று நான் சொன்னது இதனால்தான்.

இன்று நிர்வாகம் யார் கையில் என்ற கேள்விக்கு மூன்று பேரைத் தனித்தனியாகப் பார்க்க வேண்டும். மூவரின் எல்லையும் ஒன்றோடொன்று ஒட்டாது என்பதே குழப்பத்துக்குக் காரணம்.

முதலாவது மாவட்ட அதிகாரி, நம் வாய்வழக்கில் டி.ஓ. அலுவலகம் சுங்கை ஜாவியில். தேர்தலில் நின்று வருபவர் அல்லர், அரசு ஊழியர். மாவட்ட அலுவலகமும் நில அலுவலகமும் ஒரே கூரைக்குக் கீழ் இருப்பதே அவர் வேலை என்ன என்பதைச் சொல்லிவிடும். நிலம் மாநில அரசின் அதிகாரத்தில் வருவது. அதை மாவட்டத்தில் பார்த்துக்கொள்பவர் இவர். நில வரி, உரிமை மாற்றம், நில வகை மாற்றம், தற்காலிகக் குடியிருப்பு அனுமதி எல்லாம் இங்கே. வெள்ளம் வந்தால் மாவட்டப் பேரிடர்க் குழுவுக்குத் தலைமையும் இவரே. 2017 நவம்பர் பெருவெள்ளத்தில் எந்தப் பள்ளிக்கூடத்தை நிவாரண மையமாகத் திறப்பது என்பதெல்லாம் இந்த மட்டத்தில் முடிவானவை. மாவட்டத்துக்குக் கீழே முக்கிம். மற்ற மாநிலங்களில் முக்கிமுக்குப் பெயர் இருக்கும். பினாங்கில் பெரும்பாலும் எண்தான்: முக்கிம் 6, முக்கிம் 11 என்று. கிரானில், அதாவது நில உரிமைப் பத்திரத்தில், உங்கள் ஊர்ப்பெயர் எங்குமே இல்லாமல் லாட் எண்ணும் முக்கிம் எண்ணும் மட்டும் இருந்தால் பயந்துவிடாதீர்கள். பழைய ஆங்கிலேயப் பத்திரங்களைப் பதிவேட்டு உரிமைகளாக மாற்ற 1963-இல் பினாங்குக்கும் மலாக்காவுக்கும் தனிச்சட்டமே போட வேண்டியிருந்தது. தேசிய நிலச் சட்டம் 1966 ஜனவரி 1-இல் நடைமுறைக்கு வந்தது. தாத்தா காலத்துப் பத்திரத்தை மட்டும் கையில் வைத்துக்கொண்டு பேசாமல், கவுன்டரில் கட்டணம் கட்டி அந்த லாட்டுக்கு அதிகாரபூர்வத் தேடல் எடுத்துவிடுங்கள். இன்றைய தேதியில் யார் பெயரில் இருக்கிறது, அடமானம் உண்டா, தடை உண்டா என்று ஒரு தாளில் வந்துவிடும்.

முக்கிமை மேற்பார்க்கப் பெங்ஹுலு, கம்போங்குக்குத் தலைவரும் எம்.பி.கே.கே. எனப்படும் கிராம சமூக நிர்வாக மன்றமும். இதில் ஒரு வேடிக்கை உண்டு. 2008-இல் மாநிலத்தில் ஆட்சி மாறி மத்தியில் மாறாமல் இருந்ததால், 2018 வரைக்கும் மாநில அரசு போட்ட கிராமக் குழு ஒன்று, மத்திய அரசு போட்ட குழு ஒன்று. ஒரே கம்போங்கில் இரண்டு தலைவர், இரண்டு அறிவிப்புப் பலகை. கல்யாணத்துக்கு எந்தத் தலைவருக்கு முதலில் பத்திரிகை வைப்பது என்பதே பெரிய பஞ்சாயத்து.

இரண்டாவது மாநகராண்மைக் கழகம். முன்பு பட்டர்வொர்த், புக்கிட் மெர்தாஜாம் பட்டணங்களுக்கும் கிராமப் பகுதிகளுக்கும் தனித்தனி மன்றங்கள் இருந்தன. 1970-களில் எல்லாவற்றையும் ஒன்றாக்கினார்கள். இப்போது மூன்று மாவட்டங்களுக்கும் சேர்த்து ஒரே கழகம், தலைமையகம் புக்கிட் மெர்தாஜாம் பண்டார் பெர்டாவில். குப்பை, கால்வாய், கடை உரிமம், கட்டட வரைபடம், வீட்டு வரி இவர்கள் பொறுப்பு. மேயரும் 24 உறுப்பினர்களும் மாநில அரசு நியமிப்பவர்கள். ஒன்பது லட்சத்துக்கு மேற்பட்டவர்களுக்கு 24 பேர், அதிலும் ஒருவரையும் நாம் ஓட்டுப் போட்டு அனுப்பவில்லை.

முன்பு போட்டோம். உள்ளாட்சித் தேர்தலுக்கு இந்த நாட்டில் வழிகாட்டியதே பினாங்குதான். ஜார்ஜ்டவுனில் 1857-இலேயே நடந்தது. மலேசியா அமைந்ததை எதிர்த்து இந்தோனேசியா மோதிய காலத்தில், 1965 மார்ச்சில், தற்காலிகம் என்று சொல்லி நாடு முழுக்க நிறுத்தினார்கள். அப்போது உள்ளாட்சியை ஆராய அமைத்த அரச ஆணையத்துக்குத் தலைவர் நம் செனட்டர் ஆதி நாகப்பன். தேர்தலைத் திரும்பக் கொண்டுவர வேண்டும் என்றுதான் அந்த அறிக்கை சொன்னது. அதை ஏற்காமல் 1976 உள்ளாட்சிச் சட்டம் நியமனத்தை நிரந்தரமாக்கிவிட்டது. பினாங்கு மாநில அரசு 2012-இல் சொந்தமாக ஒரு தேர்தல் சட்டம் இயற்றிப் பார்த்தது; மாநிலத்துக்கு அந்த அதிகாரம் இல்லையென்று 2014-இல் கூட்டரசு நீதிமன்றம் முடித்துவைத்தது. தேர்தல் வந்தால் பட்டணத்து ஆட்கள் மட்டும் லாபமடைவார்கள் என்று சொல்பவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. ஜாவிக்கும் சுங்கை ஆச்சேவுக்கும் தங்கள் வட்டாரம் என்று ஓர் உறுப்பினர் இருந்தால், கால்வாய் தூர்வார புக்கிட் மெர்தாஜாம் வரைக்கும் கேட்டுக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

மூன்றாவது, ஓட்டுப் போட்டு அனுப்புகிறவர்கள். நிபோங் திபால் நாடாளுமன்றத் தொகுதியில் ஜாவி, சுங்கை பாக்காப், சுங்கை ஆச்சே என்று மூன்று சட்டமன்றத் தொகுதிகள். மாவட்டத்தின் வடபகுதி, புக்கிட் தம்புன் சட்டமன்றத் தொகுதியாக, பத்து காவான் நாடாளுமன்றத் தொகுதியில் சேர்ந்துவிடும். அந்தத் தொகுதியிலோ மத்திய மாவட்டத்துப் பிறையும் புக்கிட் தெங்காவும் உண்டு. ஆகவே சிம்பாங் அம்பாட்காரருக்கு டி.ஓ. ஓர் ஊரில், நாடாளுமன்ற உறுப்பினரின் தொகுதி வேறு மாவட்டத்தில் பாதி.

எல்லைக் கூத்தை முழுதாகப் பார்க்க வேண்டுமானால் நிபோங் திபாலுக்குப் போங்கள். பினாங்கு, கெடா, பேராக் மூன்றும் அங்கே கிரியான் ஆற்றோரம் முட்டிக்கொள்கின்றன. காலையில் நிபோங் திபாலில் தோசை சாப்பிட்டுவிட்டு, கெடாவின் பண்டார் பாரு வழியாகப் போய், பேராக்கின் பாரிட் புந்தாரில் மீன் வாங்கிக்கொண்டு வீடு திரும்ப அரை நாள் வேண்டாம். அங்குள்ள குடும்பங்களுக்கு மாநில எல்லை என்பது கெடாவைப்போல் வெள்ளிக்கிழமை லீவா, மற்ற இரண்டையும்போல் ஞாயிற்றுக்கிழமை லீவா என்கிற அளவுக்குத்தான்.

மாவட்டம் மாறிக்கொண்டிருப்பதற்கு இன்னொரு காரணம் பத்து காவான். 2014 மார்ச்சில், தீவையும் பெருநிலத்தையும் இணைக்கும் இரண்டாவது பாலம் அங்கே வந்து இறங்கியது. செம்பனை இருந்த இடத்தில் தொழிற்பேட்டை, அடுக்குமாடி, 2019-இல் இக்கியா மரச்சாமான் கடை. வடபகுதியில் வீட்டு விலை ஏறுகிறது, தெற்கே ஜாவி, நிபோங் திபால் பக்கம் பிள்ளைகள் வேலைக்கு வெளியே போய் வயதானவர்கள் மட்டும் இருக்கும் வீடுகள் கூடுகின்றன. மாவட்டச் சராசரியைப் பார்த்தால் இரண்டும் ஒன்றையொன்று மூடி மறைத்துவிடும்.

சரி, தம்பியின் வேலைக்கு வருகிறேன். விளக்கு எரியாத இடம் சிம்பாங் அம்பாட், சுங்கை பாக்காப், ஜாவி வழியாக நிபோங் திபால் போகும் முதலாம் எண் கூட்டரசுச் சாலை என்றால் பொதுப்பணி இலாகா. தாமான் சாலை என்றால் மாநகராண்மைக் கழகம். கம்பத்தில் எண் ஒட்டியிருக்கும், அதைப் படம் எடுத்து அனுப்புங்கள். கம்போங் உட்சாலை என்றால் எம்.பி.கே.கே. தலைவரையும் சட்டமன்ற உறுப்பினர் சேவை மையத்தையும் ஒரே நாளில் பாருங்கள், தனித்தனியாகப் பார்த்தால் ஒருவர் இன்னொருவரைக் கைகாட்டுவார். கால்வாய்க்கும் அதே கதை. தனியார் நிலத்துக்குள் ஓடும் கால்வாயைக் கழகம் தொடாது.

வரி இரண்டும் வேறு வேறு. சுக்காய் தானா, அதாவது நில வரி, வருஷத்துக்கு ஒரு தடவை, மே 31-க்குள் நில அலுவலகத்துக்கு. சுக்காய் பிந்து, வீட்டு வரி, வருஷத்துக்கு இரண்டு தடவை, பிப்ரவரி முடிவுக்குள்ளும் ஆகஸ்டு முடிவுக்குள்ளும் கழகத்துக்கு. வீட்டு வரி கட்டிய பில்லைக் காட்டி நிலம் என்னுடையது என்று சொல்ல முடியாது. இதைத் தெரியாமல் வாதாடிக்கொண்டிருக்கிற பெரியவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

பாட்டியின் நில அலுவலக ரசீதை எடுத்து, அது நில வரியா, தற்காலிகக் குடியிருப்பு அனுமதிக் கட்டணமா என்று பாருங்கள். நம் பக்கத்தில் டி.ஓ.எல். என்று சொல்வது இரண்டாவது வகை. அது ஒவ்வோர் ஆண்டும் டிசம்பர் 31-உடன் முடிந்துவிடும், விற்கவோ மாற்றிக்கொடுக்கவோ முடியாது, உரிமம் வைத்திருந்தவர் இறந்தால் அதோடு தீர்ந்தது. பாட்டியின் பெயரில் பேரன் கட்டணம் கட்டிக்கொண்டே போவதால் உரிமை வராது. யார் அந்த வீட்டில் உண்மையில் குடியிருக்கிறாரோ அவர் பெயரில் புதிதாக விண்ணப்பம் போட வேண்டும். கொடுப்பதும் கொடுக்காததும் மாநில அரசின் விருப்பம்.

நில வரி ரசீது என்றால் கிரான் இருக்கிறது, வழி சுலபம். உயில் எழுதாமல் போயிருந்தால், நிலமும் சேர்ந்த சொத்து 50 லட்சம் ரிங்கிட்டுக்கு மேல் போகாதவரை, வக்கீல் இல்லாமலே சிறு சொத்துப் பங்கீட்டுப் பிரிவில் மனுச் செய்யலாம். 20 லட்சமாக இருந்த வரம்பு 2024 ஜூலையில் உயர்ந்தது. மரணப் பத்திரம், கிரான் நகல் அல்லது தேடல் தாள், வாரிசுகளின் பிறப்புப் பத்திரம், அடையாள அட்டை நகல் எல்லாம் வேண்டும். விசாரணை நாளில் வாரிசுகள் எல்லாரும் வர வேண்டும். வர முடியாதவர் முன்கூட்டியே எழுத்து மூலம் சம்மதம் கொடுக்க வேண்டும். பாட்டிக்கு முன்பே இறந்துபோன மாமாவோ அத்தையோ இருந்தால் அவர்களுடைய மரணப் பத்திரத்தையும் பிள்ளைகளின் விவரத்தையும் இப்போதே தேட ஆரம்பியுங்கள், மனுக்கள் தேங்கி நிற்பது பெரும்பாலும் அந்த இடத்தில்தான்.